பரங்கிமலை: ஓர் ஊரின் வரலாறும் ஒரு கல்லின் பாடமும்

(இரண்டாம் ஆண்டு, இளம் அறிவியல் – இயற்பியல்)

முன்னுரை

சென்னையின் வரலாறு 1639ஆம் ஆண்டில் தொடங்குவதாகப் பள்ளியில் படித்திருக்கிறோம். ஆங்கிலேயக் கும்பெனியார் கடற்கரை மணலில் நிலம் பெற்றுக் கோட்டை எழுப்பிய கதை அது. ஆனால், அக்கோட்டைக்கு ஒரு நூற்றாண்டு முன்னரே, அங்கிருந்து தென்மேற்கே ஏறக்குறைய எட்டு மைல் தொலைவில் உள்ள ஒரு சிறு மலையின்மேல் போர்த்துகீசியர் கட்டிய மாதா கோயில் ஒன்று நின்றது. அதற்கும் பல நூற்றாண்டுகளுக்கு முன் அம்மலைக்குப் பாரசீகக் கிறித்தவர் வந்து போயினர் என்பதற்குக் கல்லிலேயே சான்று உண்டு. அம்மலைதான் பரங்கிமலை.

ஆவடி, அம்பத்தூர், பூந்தமல்லிப் பகுதிகளில் வாழும் நமக்குப் பரங்கிமலை அயலூர் அன்று. பூந்தமல்லியிலிருந்து போரூர், நந்தம்பாக்கம் வழியாகச் செல்லும் பெருஞ்சாலையே அம்மலையின் பெயரையும் நம் ஊரின் பெயரையும் இணைத்து 'மவுண்ட்–பூந்தமல்லி சாலை' என்று வழங்குகிறது. கோட்டையிலிருந்து அம்மலைக்குப் போன வழியே 'மவுண்ட் ரோடு' எனப்பட்டது. இன்று அதுவே அண்ணா சாலை.

இவ்வூரின் வரலாற்றில் சமய நம்பிக்கையும், செவிவழிச் செய்தியும், கல்வெட்டும், அறிவியல் அளவீடும் ஒன்றோடொன்று பின்னிக் கிடக்கின்றன. எது நம்பிக்கை, எது சான்று, எது ஊகம் என்று பிரித்தறிவது எப்படி? அக்கேள்வியோடு பரங்கிமலையின் வரலாற்றைக் காண்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

பெயரும் கல்லும்

'பரங்கி' என்னும் சொல் ஐரோப்பியரைக் குறிக்கும் 'பிராங்கு' என்னும் சொல்லிலிருந்து, அரபு, பாரசீக மொழிகளின் வழியே தமிழுக்கு வந்தது. பரங்கிப்பேட்டை, பரங்கிக்காய் என்பனவற்றிலும் இச்சொல்லே உள்ளது. பரங்கியர் கோயில் கட்டிய மலை பரங்கிமலை ஆயிற்று என்பது ஒரு விளக்கம். பிருங்கி முனிவர் தவம் செய்த மலையாதலின் 'பிருங்கி மலை' என்று பெயர் பெற்று, அதுவே பின்னர்ப் பரங்கிமலை எனத் திரிந்தது என்பது மற்றொன்று. ஆதம்பாக்கம் நந்தீசுவரர் கோயில் தலவரலாற்றோடு தொடர்புடையது இரண்டாவது விளக்கம். ஒரே மலைக்கு இரு சமயத்தார் இரு பெயர்க்காரணம் கூறி, இருவரும் ஒரே பெயரால் அதை அழைத்து வருவது எண்ணி மகிழத்தக்கது.

பெயரில் ஐயம் உண்டு, கல்லில் ஐயமில்லை. இம்மலையின் பாறைக்கு நிலவியல் உலகில் 'சார்னோக்கைட்டு' என்று பெயர். கல்கத்தா நகரோடு தொடர்புடைய ஜாப் சார்னாக் என்ற ஆங்கிலேய வணிகரின் கல்லறைக்குப் பயன்பட்ட கருங்கல், சென்னைக்கு அருகிலுள்ள பரங்கிமலை, பல்லாவரம் பகுதியில் காணப்படும் கல்லே என்று கண்டவர் நிலவியலறிஞர் தாமஸ் ஹாலண்டு. 1893இல் அவர் இப்பாறை வகைக்குச் சார்னாக்கின் பெயரையே சூட்டினார். நம் மண்ணின் கல் எங்கோ ஒரு கல்லறையாகி, அங்கிருந்தவர் பெயரைத் தன் பெயராகப் பெற்றுத் திரும்பியது. இன்று பரங்கிமலைப் பாறை தேசிய நிலவியல் நினைவுச் சின்னங்களுள் ஒன்றாக விளங்குகிறது.

அருகிலுள்ள பல்லாவரத்தில் 1863ஆம் ஆண்டு இராபர்ட் புரூசு புட் என்பவர் பழைய கற்காலக் கைக்கோடரி ஒன்றைக் கண்டெடுத்தார். இந்தியத் தொல்பழங்கால ஆய்வின் தொடக்கமாக அறிஞர் கருதுவது இதனையே. ஆகவே, இவ்வட்டாரத்தில் மனிதர் காலடி பதிந்தது எந்தச் சமயமும் தோன்றுவதற்கு மிக முந்திய காலத்திலாகும்.

மலைமேல் கோயில் எழுந்த வரலாறு

இயேசுவின் பன்னிரு சீடருள் ஒருவரான தோமையார் இந்தியாவுக்கு வந்து, கி.பி. 72இல் இம்மலையில் கொல்லப்பட்டார் என்பது கிறித்தவ மரபு. சின்னமலையில் அவர் மறைந்திருந்தார் என்றும், பெரியமலையாகிய பரங்கிமலையில் உயிர் நீத்தார் என்றும், மயிலாப்பூரில் அடக்கம் செய்யப்பட்டார் என்றும் அம்மரபு கூறும். தோமையாரின் இந்தியப் பயணத்தைச் சொல்லும் சிரியாக் மொழி நூல் கி.பி. மூன்றாம் நூற்றாண்டைச் சார்ந்தது. அதில் மயிலாப்பூர் என்ற பெயரோ இம்மலையின் பெயரோ இல்லை. எனவே, இது நம்பிக்கையின்பாற்பட்டது. ஆயினும், நம்பிக்கை பழமையானது என்பதற்குச் சான்று உண்டு. 13ஆம் நூற்றாண்டின் இறுதியில் தமிழகக் கடற்கரைக்கு வந்த மார்க்கோ போலோ, தோமையாரின் கல்லறை இருக்கும் சிற்றூரைப் பற்றி எழுதியுள்ளார். கிறித்தவர் மட்டுமின்றி இசுலாமியரும் அவரைப் போற்றினர் என்றும், அவ்விடத்து மண்ணை நோய் தீர்க்கும் மருந்தாக எடுத்துச் சென்றனர் என்றும் அவர் குறிப்பிடுகிறார்.

1517ஆம் ஆண்டு மலாக்காவிலிருந்து திரும்பிய போர்த்துகீசியர் சிலர் பழவேற்காட்டில் இறங்கினர். அவர்களை மயிலாப்பூருக்கு அழைத்து வந்து பாழடைந்த கோயிலைக் காட்டியவர்கள் ஆர்மீனிய வணிகர்கள். அக்கால அளவில் எழுதிய துவார்த்தே பார்போசா என்ற போர்த்துகீசியர், அக்கல்லறையில் விளக்கேற்றிக் காத்து வந்தவர் பிச்சை எடுத்து வாழ்ந்த ஏழை இசுலாமியர் ஒருவர் என்று கூறுகிறார். போர்த்துகீசியர் வந்து கிறித்தவத்தை நட்டனர் என்று எளிதாகச் சொல்லிவிடுகிறோம். அவர்களுக்கு வழி காட்டியவர் ஆர்மீனியர். அதுவரை விளக்கை அணையாமல் காத்தவர் ஓர் இசுலாமியர்.

பரங்கிமலை உச்சியில் 1523இல் போர்த்துகீசியர் கோயில் எழுப்பினர் என்பது கோயில் மரபு. திருக்குழந்தையின் பிறப்பை எதிர்நோக்கியிருக்கும் மாதாவின் பெயரால் அக்கோயில் விளங்குகிறது. அதன் திருநாள் டிசம்பர் 18. ஏறக்குறைய இதே காலத்தில், 1522இல், ஆப்பிரிக்காவின் கிழக்குக் கரையில் உள்ள மொசாம்பிக் தீவிலும் போர்த்துகீசியர் ஒரு மாதா கோயில் கட்டினர். இரண்டும் ஒரே கடல்வழியின் இரு படித்துறைகள் எனலாம். ஆனால் ஒரு வேறுபாடு உண்டு. மொசாம்பிக் கோயில் கடலைக் காவல் காக்கும் முனையில், பீரங்கிகளுக்கு அருகே எழுந்தது. பரங்கிமலைக் கோயிலோ, தங்களுக்கு முன்னரே மக்கள் புனிதமாகக் கருதிய ஓரிடத்தைத் தேடி வந்து கட்டியதாகும். பீரங்கி இங்கும் வந்தது; ஆனால் இரண்டு நூற்றாண்டுகளுக்கும் மேலாகப் பிந்தி வந்தது.

கல்வெட்டு படிக்கப்பட்ட கதை

1547ஆம் ஆண்டு, கோயில் திருப்பணியின்போது மண்ணுக்கடியிலிருந்து சிலுவை செதுக்கிய கற்பலகை ஒன்று வெளிப்பட்டது. சிலுவையைச் சுற்றி வளைவாக ஒரு வரி எழுத்து இருந்தது. அதை அங்கிருந்த எவராலும் படிக்க இயலவில்லை. கல்லில் காணப்பட்ட செந்நிறக் கறை தோமையாரின் குருதி என்று மக்கள் நம்பினர். 1558ஆம் ஆண்டு டிசம்பர் 18 அன்று, வழிபாடு நடக்கையில் அச்சிலுவையில் வியர்வைபோல் நீர் கசிந்ததாக எழுதி வைக்கப்பட்டுள்ளது. 1704 வரை இது பலமுறை நிகழ்ந்ததாகவும் குறிப்புகள் கூறுகின்றன.

இதைக் கேட்டவுடன், 'காற்றிலுள்ள ஈரம் குளிர்ந்த கல்லில் படிந்திருக்கும்' என்று சொல்லிவிட அறிவியல் மாணவனின் நாக்குத் துடிக்கும். ஆனால், அன்றைய வெப்பநிலையையோ ஈரப்பதத்தையோ எவரும் அளக்கவில்லை. அளவின்றிச் சொல்லும் அறிவியல் விளக்கமும் சோதிக்கப்படாத கூற்றேயாகும். அதை இருந்த இடத்திலேயே விட்டுவிட்டு, சோதிக்கத்தக்க பொருளாகிய எழுத்துக்கு வருவோம்.

போர்த்துகீசியர் அவ்வெழுத்தைப் படிக்கக் கற்றறிந்த அந்தணர் ஒருவரைத் தேடி அழைத்து வந்தனர். அவர் அதைப் படித்ததாகக் கூறி நீண்ட பொருள் உரைத்தார். தோமையார் வந்தது, போதித்தது, கொல்லப்பட்டது, அவர் குருதி இக்கல்லில் படிந்தது ஆகிய அனைத்தும் அதில் இருந்தன. அதாவது, கேட்டவர்கள் எதைக் கேட்க விரும்பினார்களோ அதுவே கல்லிலிருந்து வெளிவந்தது. ஒரே வரியில் இத்தனை பெரிய கதை எப்படி அடங்கும் என்ற கேள்வி எழுந்திருக்க வேண்டும். எழுந்திருந்தாலும், வேறு விடை சொல்லும் அறிவு அன்று எவரிடமும் இல்லை. இவ்வாறு முந்நூறு ஆண்டுகளுக்கு மேல் கழிந்தன.

1873ஆம் ஆண்டு ஆர்தர் பர்னெல் என்ற ஆங்கிலேய நீதிபதி இவ்வெழுத்தைப் பற்றி ஒரு சிறு நூல் வெளியிட்டார். தென்னிந்திய எழுத்துகளின் வரலாற்றை ஆராய்ந்தவர் அவர். தஞ்சை அரண்மனை நூலகத்தின் வடமொழிச் சுவடிகளுக்கு அட்டவணை தொகுத்தவரும் அவரே. சிலுவையைச் சுற்றியுள்ள எழுத்து இந்திய எழுத்தன்று, பண்டைப் பாரசீகத்தின் பகலவி எழுத்து என்று அவர் காட்டினார். கேரளத்தில் கோட்டயம் பழைய கோயிலிலும் இத்தகைய சிலுவைகள் உள்ளன. அவற்றை ஒப்பிட்டுப் பார்க்க முடிந்தமையால் ஆய்வு உறுதி பெற்றது. ஓரிடத்தில் தேய்ந்த எழுத்து மற்றோரிடத்தில் தெளிவாக இருந்தது. இவை ஏறத்தாழ ஏழு முதல் ஒன்பதாம் நூற்றாண்டு வரையிலான காலத்தவை என்பர்.

அவ்வரியின் பொருள் பற்றி அறிஞரிடையே கருத்து வேறுபாடு நெடுங்காலம் இருந்தது. பகலவி எழுத்தில் ஒரே வடிவம் பல ஒலிகளைக் குறிக்கும் என்பதே அதற்குக் காரணம். 1920களில் வின்க்வொர்த் என்ற அறிஞர் கண்ட வாசிப்பு பெரும் திருப்பமாக அமைந்தது. ஆண்டவராகிய மெசியா, இன்னாருடைய மகனாகிய இன்னார்மீது இரக்கம் கொள்ள வேண்டும், அவரே இதைச் செதுக்கினார் என்பது அதன் கருத்து. பின்வந்தோர் பெயரை வேறுவிதமாகவும், 'செதுக்கினார்' என்பதைக் 'கொணர்ந்தார்' என்றும் படித்தனர். ஆனால் அடிப்படை மாறவில்லை. அது ஒரு தனிமனிதரின் வேண்டுதல்.

அந்தக் கல்லில் அப்போஸ்தலரின் கதை இல்லை, மன்னன் பெயர் இல்லை, போர் இல்லை. கடல் கடந்து வந்த ஒருவர், தன் தந்தை பெயரையும் தன் பெயரையும் சொல்லி, 'என்மீது இரக்கம் கொள்ளும்' என்று கேட்ட குரல் மட்டுமே இருக்கிறது. பெரிய கதை போய்ச் சிறிய உண்மை வந்தது எனச் சிலர் வருந்தலாம். எனக்கு அவ்வாறு தோன்றவில்லை. எழுதி வைக்கப்பட்ட கதைகளில் எளியவர் பெயர் இடம்பெறுவது அரிது. எழுத்தறியாப் பெற்றோரின் பிள்ளைகளாய் இக்கல்லூரிக்கு வந்திருக்கும் நம்மில் பலருக்குப் பாட்டனாருக்கு முந்தியவர் பெயர் தெரியாது. அப்படிப்பட்ட நமக்கு, ஆயிரம் ஆண்டுக்கு முன் ஒருவர் தம் பெயரையும் தந்தை பெயரையும் கல்லில் நிறுத்திச் சென்றது சிறிய செய்தி அன்று. முந்நூறு ஆண்டுகள் அவர் குரலை மறைத்தது பகைமையன்று. ஆர்வம் மிகுந்த தவறான வாசிப்பே.

பாலமும் படிகளும்

18ஆம் நூற்றாண்டில் இம்மலைக்குத் தொண்டு செய்தவர் கோஜா பெத்ரூசு உஸ்கான் என்ற ஆர்மீனிய வணிகர். மணிலாவில் வணிகம் செய்து பொருளீட்டிச் சென்னைக்கு வந்தவர் அவர். நகரிலிருந்து மலைக்குச் செல்வோர் அடையாற்றைக் கடக்க வேண்டியிருந்தது. மழைக்காலத்தில் அது இடர் மிகுந்தது. 1726இல் சைதாப்பேட்டையில் தம் சொந்தப் பணத்தில் அவர் ஒரு பாலம் கட்டினார். அதன் பராமரிப்புக்கும் நிதி ஒதுக்கினார். மலைமேல் ஏற நூற்றுக்கு மேற்பட்ட கற்படிகளையும் அமைத்தார். அவர் கட்டிய மர்மலாங் பாலம் இருந்த இடத்தில் இப்போது மறைமலையடிகள் பாலம் உள்ளது.

வழிபாட்டுக்காகக் கட்டிய பாலம் வழிபடுவோருக்கு மட்டும் பயன்படவில்லை. காய்கறி வண்டியும், கட்டை வண்டியும், படைவீரரும், பால்காரரும் அதன்மேல் சென்றனர். நகரம் தெற்கே விரிந்தது. ஓர் ஊர் வளர்வதற்கு முதற்காரணம் வழி என்பதை இது நன்கு விளக்குகிறது.

பீரங்கிகளின் காலம்

வழி அமைந்ததும் படைகளும் வந்தன. 1758 டிசம்பரில் பிரெஞ்சுத் தளபதி லாலி சென்னைக் கோட்டையை முற்றுகையிட்டார். 1759 பிப்ரவரி 9 அன்று பரங்கிமலையில் கடும்போர் நடந்தது. ஆங்கிலேயத் தளபதி காலியடோடு சேர்ந்து அங்கே போரிட்டவர், பிற்காலத்தில் மருதநாயகம் என்று தமிழகம் நினைவுகூரும் யூசுப்கான் ஆவார். சில நாட்களில் முற்றுகை நீங்கியது. எந்தக் கும்பெனிக்காகப் போரிட்டாரோ அதே கும்பெனியாரின் பகைக்கு ஆளாகி 1764இல் அவர் மதுரையில் தூக்கிலிடப்பட்டார்.

1769 மார்ச் மாதத்தில் ஐதர் அலி தம் குதிரைப்படையுடன் மின்னலென வந்து பரங்கிமலை அருகே நின்றார். அஞ்சிய கும்பெனியார் அவருடன் உடன்படிக்கை செய்துகொண்டனர். அதன் பின்னர் 18ஆம் நூற்றாண்டின் இறுதிப் பகுதியில் சென்னைப் பீரங்கிப் படையின் தலைமையிடம் இங்கே அமைந்தது. பூந்தமல்லியும் அக்காலத்தில் படைமுகாமாக இருந்தது. நோயுற்ற ஐரோப்பிய வீரர் உடல்தேற அங்கு அனுப்பப்பட்டனர். பரங்கிமலை அடிவாரத்தில் வீரர் குடியிருப்புகள், கடைத்தெரு, கோயில்கள், பள்ளிகள் தோன்றின. ஆங்கிலோ-இந்தியரும், தமிழ்க் கிறித்தவரும், இந்துக்களும், இசுலாமியரும் கலந்து வாழும் ஊராகப் பரங்கிமலை உருப்பெற்றது.

நிலத்தை அளந்த சங்கிலி

இயற்பியல் மாணவருக்குப் பரங்கிமலை வேறொரு காரணத்தாலும் முக்கியமானது. இந்தியா முழுவதையும் முக்கோணங்களால் அளந்த பெரும்பணியின் அடிக்கோடு இதன் அருகில்தான் போடப்பட்டது. 1802 ஏப்ரல் 10 அன்று வில்லியம் லாம்டன் இப்பணியைத் தொடங்கினார்.

முறை எளிது. ஒரு முக்கோணத்தின் ஒரு பக்கமும் அதன் இரு கோணங்களும் தெரிந்தால் மற்ற இரு பக்கங்களைக் கணக்கிட்டு அறியலாம். அப்பக்கங்களின்மேல் அடுத்த முக்கோணம், அதன்மேல் மற்றொன்று எனத் தொடரலாம். ஆனால் முதற்பக்கத்தை மட்டும் கையால் அளந்தே ஆகவேண்டும். அதில் பிழை நேர்ந்தால் நாடு முழுதும் அப்பிழை பரவும். லாம்டன் அளந்த கோடு ஏறக்குறைய ஏழரை மைல், அதாவது 40,000 அடி. கருவி 100 அடி எஃகுச் சங்கிலி. சீனப் பேரரசருக்குப் பரிசாகக் கொண்டு செல்லப்பட்டு ஏற்கப்படாமல் திரும்பிய சங்கிலி அது.

சித்திரை வெயிலில் எஃகு நீளும். ஒரு பாகை செல்சியசு வெப்பம் கூடினால் எஃகு தன் நீளத்தில் பத்து இலட்சத்தில் ஏறக்குறைய 12 பங்கு நீள்கிறது. 40,000 அடிக் கோட்டில் வெப்பநிலையை ஒரு பாகை தவறாகக் கணித்தால் ஏறத்தாழ அரை அடி பிழை வரும். ஆகவே, சங்கிலியை மரப்பெட்டிகளில் வைத்து, வெயில் படாமல் மறைத்து, வெப்பமானிகள் கொண்டு சோதித்து, நானூறு முறை அதை எடுத்து வைத்து அளந்தனர். இவ்வாறு வளர்ந்த முக்கோண வலை பின்னர் இமயம் வரை சென்றது. உலகின் மிக உயர்ந்த சிகரம் எது என்பது 1850களில் அதன் வழியே அறியப்பட்டது. அக்கணக்கில் பெரும்பங்கு வங்காளத்து இராதாநாத் சிக்தாருடையது. சிகரத்திற்கு வைக்கப்பட்ட பெயரோ எவரெஸ்டு என்ற அதிகாரியுடையது. வெயிலில் சங்கிலி பிடித்த கூலியாட்களின் பெயர் எங்கும் நிலைபெறவில்லை.

இன்றைய பரங்கிமலை

1931இல் கடற்கரை–தாம்பரம் மின்சார இரயில் ஓடத் தொடங்கியது. பரங்கிமலை நகரின் புறநகராயிற்று. 1986 பிப்ரவரி 5 அன்று போப்பாண்டவர் இரண்டாம் ஜான் பால் மலைக்கு வந்து வழிபட்டார். 2002இல் செங்கற்பட்டு மறைமாவட்டம் தனியே அமைந்தபோது மலைக்கோயில் அதனோடு சேர்ந்தது. அருகிலுள்ள ஆலந்தூர் 2011இல் சென்னை மாநகராட்சியோடு இணைந்தது. 2016இல் மெட்ரோ இரயிலும் வந்துவிட்டது. மலையுச்சியில் நின்றால் ஒருபுறம் வானூர்தி நிலையமும் மறுபுறம் நகரமும் தெரிகின்றன. கோயிலின் உள்ளே, பலிபீடத்தின் பின்புறம், அந்தப் பாரசீகச் சிலுவை இன்றும் இருக்கிறது.

முடிவுரை

இதுவரை கண்டவற்றால் இரண்டு உண்மைகள் புலனாகின்றன. முதலாவது, எந்த ஊரும் ஒரு கூட்டத்தாரால் மட்டும் உண்டாவதில்லை. பாரசீகர் செதுக்கிய கல், இசுலாமியர் காத்த விளக்கு, ஆர்மீனியர் அமைத்த படி, போர்த்துகீசியர் கட்டிய கோயில், தமிழர் உழைப்பு ஆகிய அனைத்தும் சேர்ந்ததே பரங்கிமலை. இதில் ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு 'ஊர் எங்களுடையது' என்பது வரலாறு ஆகாது.

இரண்டாவது, நம்பிக்கைக்கு மதிப்பளிப்பதும் சான்றைத் தேடுவதும் ஒன்றுக்கொன்று பகையல்ல. கல்வெட்டின் உண்மைப் பொருள் தெரிந்த பின்னரும் மலையேறுவோர் கூட்டம் குறையவில்லை. ஆனால், அக்கல்லில் பேசிய மனிதர் யார் என்பது இப்போது நமக்குத் தெரிகிறது. அது ஆராய்ச்சியால் விளைந்த நன்மை.

மாணவ நண்பர்களே! நம் பகுதியிலும் கோயில் மதிலில் சுண்ணாம்பு பூசி மறைந்த எழுத்துண்டு. ஏரிக்கரையில் சாய்ந்து கிடக்கும் கல்லுண்டு. பழைய கல்லறைத் தோட்டங்களில் படிப்பாரற்ற பெயர்களுண்டு. 'அதில் என்ன எழுதியிருக்கிறது?' என்று கேட்டால், ஊரில் எவரேனும் ஒரு கதை சொல்வர். அக்கதையைப் பணிவோடு கேட்போம். கேட்டபின், எழுத்தையும் ஒருமுறை படித்துப் பார்ப்போம். ஒருவேளை, ஆயிரம் ஆண்டுகளாக ஒருவர் தம் பெயரைச் சொல்லிக்கொண்டே நமக்காக அங்கே காத்திருக்கக்கூடும்.